ஆலமரத்தடியில் நமக்கும் இடமுண்டு

(கழகத்தின் வெள்ளி விழாவையொட்டி நடைபெற்ற இளைஞர் அரங்கில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

 

நம் கழகம் வெள்ளி விழாக் காண்கிறது. இந்த இருபத்தைந்து ஆண்டுகளில் நாம் பிள்ளைகளைப் பள்ளியில் சேர்ப்பதிலும், சேர்ந்தவர் இடையில் நின்றுவிடாமல் காப்பதிலும் பெரும் பொழுதைச் செலவிட்டோம். இன்று இவ்வரங்கில் பட்டம் பெற்றோர் பலர் அமர்ந்திருக்கின்றனர். படித்துவிட்டோம், மகிழ்ச்சி. ஆனால், உலகம் படிப்பதற்காக நாம் எதையேனும் எழுதியிருக்கின்றோமா? இக்கேள்வியை முன்வைத்தே இன்றைய பொருளை எடுத்துக்கொண்டோம்.

அப்பொருள், விக்கிப்பீடியா என்னும் இணையக் கலைக்களஞ்சியத்தில் தொண்டர்களாக எழுதுவோரிடையே மூளும் கடுமையான கருத்து வேறுபாடுகள் பற்றியது. “எங்கோ இருப்பவர்கள் கணினி முன் அமர்ந்து சண்டையிட்டால் நமக்கென்ன?” என்று சிலர் கேட்கக்கூடும். அவர்கள் எதைப் பற்றிச் சண்டையிடுகின்றனர் என்று அறிந்தால் அக்கேள்வி எழாது. அவர்கள் வாதிடும் பொருள்களுள் நம் பெயரும், நம் ஊரும், நம் முன்னோர் பட்ட பாடும் அடங்கும்.

களஞ்சியமும் ஆலமரமும்

தமிழில் கலைக்களஞ்சியம் புதிதன்று. ஆ. சிங்காரவேலு முதலியாரின் அபிதான சிந்தாமணி 1910ஆம் ஆண்டு வெளிவந்தது. நாடு விடுதலை பெற்றபின், பெ. தூரன் அவர்களை முதன்மையாசிரியராகக் கொண்டு தமிழ் வளர்ச்சிக் கழகம் வெளியிட்ட கலைக்களஞ்சியம் 1954இல் தொடங்கி 1968இல் பத்துத் தொகுதிகளாக நிறைவுற்றது. அவை அறிஞர் பெருமக்களின் அருந்தொண்டு. அவற்றில் எதைச் சேர்ப்பது, எதை விடுப்பது, எவரை எப்பெயரால் அழைப்பது என்பதை ஆசிரியர் குழு முடிவு செய்தது. அம்முடிவிற்கு முன் நடந்த வாதம் வாசகர் கண்ணில் படுவதில்லை.

விக்கிப்பீடியாவின் முறை வேறு. 2001 ஜனவரி 15 அன்று ஆங்கிலத்தில் தொடங்கிய அக்களஞ்சியத்தில் எவரும் எழுதலாம், எவர் எழுதியதையும் எவரும் திருத்தலாம். தமிழ் விக்கிப்பீடியா 2003ஆம் ஆண்டு தோன்றியது. யாழ்ப்பாணத்திலிருந்து சென்று அமீரகத்தில் கட்டடக் கலைஞராகப் பணியாற்றிய இ. மயூரநாதன் அவர்கள் அவ்வாண்டிறுதி முதல் தனியொருவராகவே பல கட்டுரைகளை எழுதி அதற்கு அடித்தளமிட்டார். கனடாவின் தமிழ் இலக்கியத் தோட்டம் 2015ஆம் ஆண்டிற்கான இயல் விருதை அவருக்கு வழங்கிச் சிறப்பித்தது. 2017 மே மாதத்தில் கட்டுரைகளின் எண்ணிக்கை ஓர் இலட்சத்தைத் தொட்டது. இத்தனையும் ஊதியம் பெறாத தொண்டர்களின் உழைப்பு.

ஒவ்வொரு கட்டுரைக்குப் பின்னும் இரண்டு பக்கங்கள் உண்டு. ஒன்று, பக்க வரலாறு. எவர், எந்நாளில், எந்நேரத்தில், எச்சொல்லை மாற்றினார் என்பதெல்லாம் அதில் பதிவாகும். மற்றொன்று, பேச்சுப் பக்கம். கட்டுரையைப் பற்றிய ஐயங்களும் மறுப்புகளும் அங்கே எழுதப்படும். எல்லாருக்கும் பொதுவான செய்திகளைப் பேசுவதற்கென ஓரிடமும் உண்டு. தமிழ் விக்கிப்பீடியர்கள் அதற்கு வைத்திருக்கும் பெயர் ‘ஆலமரத்தடி’.

அன்பர்களே, ஆலமரத்தடி என்றதும் நம் முதியோர் நினைவில் எழுவது எது? ஊர்க்கூட்டம் ஆலமரத்தடியில் நடக்கும். மேடையில் அமர்ந்து பேசுவோர் ஒரு சாரார். துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு எட்டி நின்று, தம்மைப் பற்றிய தீர்ப்பைக் கேட்டுத் திரும்புவோர் மற்றொரு சாரார். நம் பாட்டனார்கள் எந்தச் சாராரைச் சேர்ந்தவர்கள் என்பதை நாம் சொல்ல வேண்டியதில்லை. இந்தப் புதிய ஆலமரத்தடியில், வருபவர் எந்தத் தெருவிலிருந்து வருகிறார் என்று வாயிலில் கேட்பாரில்லை. புனைபெயரில் எழுதவும் உரிமை உண்டு. அங்கேயும் நாம் எட்டி நின்றால், அது பிறர் நம்மை நிறுத்தியதாகாது, நாமே நின்றதாகும்.

எழுத்துச் சண்டையும் பெயர்ச் சண்டையும்

அங்கே நடக்கும் வாதங்களுள் வெளியார்க்கு மிகவும் வியப்பூட்டுவது எழுத்து பற்றியது. ஜ, ஷ, ஸ, ஹ ஆகிய கிரந்த எழுத்துகளைக் கையாளலாமா என்பது தமிழ் விக்கிப்பீடியாவில் நெடுங்காலமாக நடந்துவரும் வாதம். ‘ஜெர்மனி’ என்பதா, ‘செருமனி’ என்பதா? ‘ஜப்பான்’ என்பதா, ‘சப்பான்’ என்பதா? தமிழ் ஒலி மரபைக் காக்க வேண்டும் என்பார் ஒரு பக்கம். மக்கள் நாவில் பழகிய வடிவமே படிப்பவருக்குப் புரியும் என்பார் மறுபக்கம். இதனுடன் கடல் கடந்த வேறுபாடும் சேரும். தமிழ்நாட்டார் ‘ஆஸ்திரேலியா’ என்பதை ஈழத்தார் ‘அவுஸ்திரேலியா’ என்பர். நம் ‘டொராண்டோ’ அவர்களுக்கு ‘ரொறன்ரோ’. இருவரும் தமிழரே, இருவர் வழக்கும் தமிழ் வழக்கே. எனவே ஒரு தலைப்பை வைத்துக்கொண்டு, ஏனைய வடிவங்களைத் தேடுவோரும் அதே கட்டுரைக்கு வந்து சேரும்படி ‘வழிமாற்று’ என்னும் ஏற்பாட்டைச் செய்கின்றனர்.

எல்லா வேறுபாடும் இப்படி இணக்கமாக முடிவதில்லை. தமிழ் விக்கிப்பீடியாவின் மொழிக்கொள்கையைக் குறைகூறி வந்த எழுத்தாளர் ஜெயமோகன் அவர்களும் அவர்தம் நண்பர்களும், 2022 மே மாதத்தில், ஆசிரியர் குழுவின் மேற்பார்வையில் இயங்கும் ‘தமிழ் விக்கி’ என்னும் தனிக் களஞ்சியத்தைத் தொடங்கினர். அதன் பெயர் மயக்கம் தருகிறது என்று அதற்கும் மறுப்பு எழுந்தது.

இது தமிழர்க்கு மட்டும் உரிய குணம் என்று எண்ண வேண்டா. ஆங்கில விக்கிப்பீடியாவில் தயிரைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லில் ஓர் எழுத்து வேண்டுமா வேண்டாவா என்று ஆண்டுக்கணக்கில் வாதிட்டு, 2011 டிசம்பரில்தான் முடிவுக்கு வந்தனர். போலந்து நாட்டின் துறைமுக நகரை ‘கதான்ஸ்க்’ என்று போலந்துப் பெயரால் அழைப்பதா, ‘டான்சிக்’ என்று செருமானியப் பெயரால் அழைப்பதா என்று 2005ஆம் ஆண்டு வாக்கெடுப்பே நடத்தினர். தயிர்ச் சண்டையைக் கேட்டுச் சிரிக்கலாம். நகரின் பெயரைப் பற்றிய சண்டையைக் கேட்டுச் சிரிக்க இயலாது. எந்தக் காலத்தில் எவர் அந்நகரை ஆண்டனர் என்ற வரலாறு முழுதும் அப்பெயருக்குள் இருக்கிறது.

பெயருக்காகப் போராடுவதன் பொருளை நம்மைவிட அறிந்தவர் யார்? 1893ஆம் ஆண்டு இரட்டைமலை சீனிவாசனார் ‘பறையன்’ என்ற பெயரிலேயே ஓர் இதழைத் தொடங்கினார். இழிவாக வீசப்பட்ட பெயரைத் தலைநிமிர்ந்து ஏந்துவதே வழி என்பது அவர் கருத்து. அப்பெயரை ஏற்பதே இழிவை ஏற்பதாகும் என்று கருதி மறுத்தார் அயோத்திதாசப் பண்டிதர். 1907இல் அவர் தொடங்கிய இதழுக்கு ‘ஒரு பைசாத் தமிழன்’ என்று பெயரிட்டார். இருவரும் ஒரே மக்களின் விடுதலைக்கு உழைத்தவர்கள், இருவர் கருத்தும் எதிரெதிரானவை, வாதமும் கடுமையானதே. பின்னர் 1922ஆம் ஆண்டு, சென்னைச் சட்டமன்றத்தில் எம்.சி. ராஜா அவர்கள் கொண்டுவந்த தீர்மானத்தின் விளைவாக, அரசு ஆவணங்களில் ‘ஆதிதிராவிடர்’ என்ற பெயர் இடம்பெற்றது. 2021இல் நாடாளுமன்றம் இயற்றிய சட்டத்தால் ஏழு சாதிகள் ‘தேவேந்திரகுல வேளாளர்’ என்ற ஒரே பெயரின் கீழ் வந்தன. ஆகவே, ஒரு சொல்லுக்காக இவ்வளவு வாதமா என்று நாம் ஒருபோதும் கேட்க மாட்டோம்.

சாதிப் பக்கங்களில் நடப்பது

விக்கிப்பீடியாவில் மிகக் கடுமையான போர்க்களங்களுள் ஒன்று, தென்னாசியச் சாதிகளைப் பற்றிய பக்கங்கள். ஒருவர் தம் சாதியை அரச மரபு என்று எழுதுவார். அடுத்தவர் அதை அழித்துத் தம் சாதிக்கு அப்பெருமையைச் சூட்டுவார். மூன்றாமவர் பிறிதொரு சாதியை இழித்து ஒரு வரி சேர்ப்பார். அழிப்பதும் மீட்பதும் மாறி மாறி நடப்பதைத் ‘தொகுப்புப் போர்’ என்பர். ஒரு பக்கத்தில் 24 மணி நேரத்திற்குள் ஒருவர் மூன்று முறைக்கு மேல் பிறர் எழுத்தை மீளமைக்கலாகாது என்ற விதி ஆங்கில விக்கிப்பீடியாவில் 2004 முதல் உள்ளது. சாதிப் பக்கங்களில் அவ்விதியும் போதவில்லை. 2012ஆம் ஆண்டு அவற்றிற்கெனத் தனிக் கட்டுப்பாடுகளை அத்தொண்டர் சமூகமே விதிக்க நேர்ந்தது. எச்சரித்தும் கேளாதவரை அப்பக்கங்களிலிருந்து விலக்கி வைக்க நிருவாகிகளுக்கு அதிகாரம் அளிக்கப்பட்டது. உயிரோடிருக்கும் ஒருவரின் சாதியை, அவரே பொதுவில் தெரிவித்திருந்தாலன்றி எழுதலாகாது என்பதும் அங்கே பின்பற்றப்படும் நெறி.

இப்போர்களில் இரு தரப்பாரும் கையில் ஏந்தும் படைக்கலம் பெரும்பாலும் ஆங்கிலேயர் காலத்து நூல்களே. எட்கர் தர்ஸ்டன், கா. ரங்காச்சாரி ஆகியோர் 1909இல் வெளியிட்ட ‘தென்னிந்தியச் சாதிகளும் குடிகளும்’ என்னும் ஏழு தொகுதிகள் அவற்றுள் தலையாயவை. மக்களின் மூக்கையும் மண்டையையும் அளந்து குலம் வகுக்க முயன்றவர் தர்ஸ்டன். இத்தகைய நூல்களை இன்றைய ஆய்வு நூல்களுக்கு ஒப்பாகக் கொள்ளலாகாது என்று ஆங்கில விக்கிப்பீடியாவின் பட்டறிவு மிக்க தொண்டர்கள் வற்புறுத்தி வருகின்றனர். இது நாம் முழு மனத்தோடு வரவேற்க வேண்டிய நிலைப்பாடு. நம்மை அளந்தவன் எழுதியதே நம் வரலாறு என்றால், நாம் வாய் திறப்பதற்கு முன்பே வழக்கு முடிந்துவிடும்.

நம் மலையையே எடுத்துக்கொள்வோம். அரசு ஏடுகளில் ‘கல்வராயன்’ என்றும், ஊர்ப் பேச்சில் ‘கல்ராயன்’ என்றும் வழங்குகிறது. 1906இல் டபிள்யூ. பிரான்சிஸ் எழுதிய தென்னார்க்காடு மாவட்ட விவரச்சுவடி இம்மலையைப் பற்றிக் கூறுகிறது. ஆனால் அது மலைக்கு ஆட்சியாளர் கண்ணில் பட்ட தோற்றம். இம்மலையில் வாழும் பழங்குடியினர் ‘மலையாளி’ எனப்படுகின்றனர். மலையை ஆள்வோர் என்ற பொருளில் வழங்கும் இப்பெயரைக் கேட்டதும், இவர்கள் கேரளத்தார் என்று எண்ணுவோர் இன்றும் உளர். இவர்கள் தமிழ் பேசும் மக்கள். காஞ்சிபுரத்திலிருந்து வந்த உடன்பிறந்தார் வழியினர் என்பது இவர்கள் வழிவழியாகச் சொல்லிவரும் செய்தி. ஒரு களஞ்சியத்தில் இவ்விரு மக்களும் ஒரே பெயரில் கலந்துவிட்டால், பிழை ஒரு பக்கத்தோடு நில்லாது. அதைப் பார்த்து எழுதும் பள்ளி மாணவன் ஏட்டிலும், செய்தித்தாளிலும், அலுவலகக் குறிப்பிலும் பரவும்.

அலுவலகக் குறிப்பில் ஒரு சொல்லுக்கு உள்ள ஆற்றலை மலை மக்கள் அறிவர். பழங்குடியினர் பட்டியலில் ‘மலையாளி’ என்ற பெயர் மாவட்டப் பெயர்களோடு சேர்த்தே எழுதப்பட்டுள்ளது. பட்டியலில் இல்லாத ஈரோடு மாவட்டத்தின் மலைகளில் வாழும் அதே மக்கள், தங்களையும் சேர்க்க வேண்டும் என்று நெடுங்காலமாகக் கோரி வந்துள்ளனர். நம் ஊர் 1993 வரை தென்னார்க்காட்டிலும், பின்னர் விழுப்புரத்திலும், 2019 நவம்பர் 26 முதல் கள்ளக்குறிச்சி மாவட்டத்திலும் இருந்து வருகிறது. மண்ணும் மக்களும் மாறவில்லை. தாளில் உள்ள பெயரே மாறியது. ஆயினும் சான்றிதழ் கேட்டு நிற்பவனுக்கு அந்தப் பெயரே வாழ்வு.

சான்று எங்கே என்ற கேள்வி

இனி, இவ்வுரையின் நடுப்பொருளுக்கு வருகிறோம். விக்கிப்பீடியாவின் அடிப்படை நெறிகள் மூன்று. எல்லாத் தரப்பையும் அதனதன் அளவுக்கேற்ப எடுத்துரைக்கும் நடுநிலை நோக்கு ஒன்று. எழுதியதை எவரும் சரிபார்க்கும்படி வெளியான சான்று காட்டும் மெய்யறிதன்மை மற்றொன்று. எழுதுவோர் தம் சொந்தக் கண்டுபிடிப்பை அங்கே முதன்முதலாக வெளியிடலாகாது என்பது மூன்றாவது.

நெறிகள் நேர்மையானவை, ஐயமில்லை. சாதிப் பெருமையைச் சான்றின்றி எழுதுவோரைத் தடுப்பவை இவையே. ஆனால் இதே நெறிகள் நம்மிடம் வரும்போது வேறொரு முகம் காட்டுகின்றன. நம் இளைஞர் ஒருவர், தம் ஊரில் முதன்முதலாக இரவுப் பள்ளி நடத்திய பெரியவரைப் பற்றிக் கட்டுரை எழுதுகிறார் என்று கொள்வோம். “சான்று தேவை” என்ற குறிப்பு அதன்மேல் இடப்படும். அப்பெரியவரைப் பற்றி எந்தச் செய்தித்தாளும் எழுதியதில்லை. எந்த நூலிலும் அவர் பெயர் இல்லை. சில நாளில் கட்டுரை நீக்கப்படும். இளைஞர் மனம் கொதிப்பார்; சாதியால் நீக்கினார்கள் என்பார். நீக்கியவரோ, “எவர் எழுதினாலும் இதுவே விதி” என்பார். இங்கே இருவர் சொல்வதிலும் உண்மை உண்டு. விதி எல்லார்க்கும் ஒன்றே. அவ்விதி கேட்கும் தாள், எல்லாருடைய வீட்டிலும் இல்லை. எழுதப் படிக்க விடாமல் தலைமுறை தலைமுறையாகத் தடுக்கப்பட்ட மக்களிடம் அச்சிட்ட சான்று கேட்பது, நிலமே தராதவனிடம் பட்டா கேட்பதை ஒக்கும்.

இச்சிக்கல் உலகெங்கும் உணரப்பட்டதே. 2011ஆம் ஆண்டு அச்சல் பிரபாலா என்பவர், ‘மக்களே அறிவு’ என்று பொருள்படும் பெயரில் ஓர் ஆவணப்படம் எடுத்தார். இந்தியாவிலும் தென்னாப்பிரிக்காவிலும் மக்கள் வாய்மொழியாகக் கூறும் செய்திகளை ஒலிப்பதிவு செய்து, அவற்றையே விக்கிப்பீடியாக் கட்டுரைகளுக்குச் சான்றாகக் காட்டலாமா என்று சோதித்தது அம்முயற்சி. அதை வரவேற்றோரும் இருந்தனர். வாய்மொழியை எவ்வாறு சரிபார்ப்பது என்று கடுமையாக மறுத்தோரும் இருந்தனர். பொது விதி மாறிவிடவில்லை. ஆயினும் கேள்வி ஆலமரத்தடியில் வைக்கப்பட்டுவிட்டது.

நம் பகுதியில் இதன் பொருள் என்ன? கல்வராயன் மலை மூன்று ஜாகீர்தார்களின் பிடியில் இருந்து, 1976ஆம் ஆண்டில்தான் அரசின் நேரடி ஆட்சிக்குள் வந்தது. ஜாகீர் எவருக்கு, எவர் கொடுத்தது என்பது பற்றிக் கதைகளும் ஏடுகளும் உண்டு. அந்த ஜாகீரில் கூலியின்றி உழைத்தவன் வீட்டில் உலை கொதித்ததா என்பதை எந்த ஏடு எழுதிற்று? அதைச் சொல்லும் முதியோர் ஆண்டுதோறும் மறைந்து வருகின்றனர். 2024 ஜூலையில் மலை மக்களின் அடிப்படைத் தேவைகள் குறித்துச் சென்னை உயர்நீதிமன்றம் தானாக முன்வந்து வழக்கெடுத்தபோது, அம்மக்களின் நிலை நீதிமன்றப் பதிவேட்டில் ஏறிற்று. அது இனி எவரும் எடுத்துக்காட்டத்தக்க சான்று. அதற்கு முன்பும் மக்கள் துன்புற்றே இருந்தனர், தாள்தான் இல்லை.

இன்னொன்றும் நினைவில் கொள்வோம். 1978 ஜூலையில் விழுப்புரத்தில் நம் மக்கள் 12 பேர் கொல்லப்பட்டனர். அன்று கள்ளக்குறிச்சியும் விழுப்புரமும் ஒரே மாவட்டம். அந்நிகழ்வை ஒரு களஞ்சியத்தில் எழுத அமர்ந்தால் முதல் சொல்லிலேயே வாதம் தொடங்கும். ‘மோதல்’ என்பதா, ‘கலவரம்’ என்பதா, ‘படுகொலை’ என்பதா? மோதல் என்றால் இரு கைகள் சமமாக ஓங்கியதாகப் பொருள்; படுகொலை என்றால் ஒரு கை ஓங்கியதாகப் பொருள். மூன்றும் தமிழ்ச் சொற்களே. மூன்றும் மூன்று தீர்ப்புகள். அச்சொல் தேர்வு நடக்கும் இடத்தில் கொல்லப்பட்டவர் வீட்டுப் பிள்ளை ஒருவனேனும் இருக்க வேண்டாவா? அவன் அங்கே சினத்தோடு மட்டும் இருந்தால் போதாது. நாள், இடம், இறந்தோர் எண்ணிக்கை, நீதிமன்றத் தீர்ப்பு ஆகியவற்றைக் கையில் வைத்துக்கொண்டு இருக்க வேண்டும்.

ஒரு சாராரே அமர்ந்தால்

சிலர் கூறுவர்: “அங்கே சண்டையே மிகுதி; விலகியிருப்பதே மேல்.” விலகியிருந்தால் என்ன நேரும் என்பதற்குக் குரோவாசிய மொழி விக்கிப்பீடியாவே எடுத்துக்காட்டு. தீவிர வலதுசாரிக் கருத்துடைய ஒரு சிறு குழுவினர் அங்கே நிருவாகப் பொறுப்புகளைக் கைப்பற்றி, மாறுபட்டு எழுதியோரை விலக்கினர். சலித்தவர்கள் தாமே விலகினர். ஏறத்தாழப் பத்தாண்டுக் காலம் அக்களஞ்சியத்தில் வரலாறு திரிந்தது. இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் செர்பியரும் யூதரும் ரோமா மக்களும் கொல்லப்பட்ட யசெனோவாச் முகாமின் கொடுமையும் அங்கே குறைத்துக் காட்டப்பட்டது. விக்கிமீடியா அறக்கட்டளை 2021இல் வெளியிட்ட ஆய்வறிக்கை இதையெல்லாம் விரித்துரைத்தது. அங்கே வாதம் ஓய்ந்திருந்தது, அமைதி நிலவியது. அவ்வமைதிக்குள் பொய் வளர்ந்தது. வாதம் நடப்பதை நோய் என்று எண்ணுவோர் இதைச் சிந்திக்க வேண்டும்.

இதற்கு மாறான ஓர் எடுத்துக்காட்டும் உண்டு. ஈழத்தில் போர் நடந்துகொண்டிருந்த காலத்திலேயே, 2007 வாக்கில், ஆங்கில விக்கிப்பீடியாவில் இலங்கை பற்றிய கட்டுரைகளில் மோதிக்கொண்டிருந்த தமிழரும் சிங்களவரும் பிறரும் சேர்ந்து, ‘இலங்கை நல்லிணக்கம்’ என்ற பெயரில் ஒரு திட்டத்தை அமைத்துக்கொண்டனர். எந்தச் சான்றை எவ்வாறு கையாள்வது, ஒரு தரப்பின் ஏட்டிலிருந்து எடுத்த செய்தியை எவ்வாறு அடையாளப்படுத்துவது என்று பேசித் தீர்க்க முயன்றனர். களத்தில் துப்பாக்கி பேசியபோதும், எழுதுவோர் நேருக்கு நேர் அமர்ந்து ஒரு பத்தியைப் பற்றி வாதிட முடிந்தது.

நாம் செய்ய வேண்டுவன

இளைஞர்களே, இனி நமக்குரிய கடமைகளைச் சுருங்கக் கூறுவோம்.

முதலாவது, எழுதிப் பழகுதல். விக்கிப்பீடியாவில் புதியவர் பயிற்சி பெறும் பக்கத்திற்கு ‘மணல்தொட்டி’ என்று பெயர். திண்ணைப் பள்ளியில் மணலில் எழுதிப் பழகினர் நம் நாட்டார். அந்தத் திண்ணையில் ஏற நம் முன்னோர்க்கு இடமில்லை. இந்த மணலில் எழுத எவர் இசைவும் வேண்டா. நம் ஊர் ஏரி, கோமுகி அணை, கல்வராயன் மலையின் அருவிகள், நம் வயலில் விளையும் பயிர்கள் என்று எளிய பொருள்களில் தொடங்குங்கள். எடுத்த எடுப்பில் சாதிப் பக்கத்தில் கை வைக்க வேண்டா. விதியை அறிந்தவன் பேச்சுக்கே அங்கே மதிப்பு.

இரண்டாவது, நாளும் சான்றும் குறித்தல். 2024 ஜூனில் நம் கள்ளக்குறிச்சிக் கருணாபுரத்திலும் சுற்றுப்புறங்களிலும் நச்சுச் சாராயம் அறுபதுக்கும் மேற்பட்டோர் உயிரைப் பறித்தது. அந்நாள்களில் இறந்தோர் எண்ணிக்கை நாள்தோறும் ஏறிக்கொண்டே சென்றதை நாம் மறக்க இயலாது. அப்போது நேற்றைய நாளிதழைக் காட்டுபவரும் இன்றைய நாளிதழைக் காட்டுபவரும் ஒருவரையொருவர் பொய்யர் என்று தூற்றிக்கொள்ளலாம். “இன்ன நாள் நிலவரப்படி” என்ற ஒரு தொடரைச் சேர்த்தால் இருவரும் மெய்யர் ஆவர். வாதங்களுள் பல இவ்வாறே தீரும்.

மூன்றாவது, சான்றைப் படைத்தல். இதுவே தலையாயது. முதியோர் நினைவுகளை, சொன்னவர் பெயர், ஊர், நாள் ஆகியவற்றோடு எழுதி அச்சிட வேண்டும். பள்ளிப் பதிவேடு, பழைய துண்டறிக்கை, மாநாட்டு அழைப்பிதழ், நிலத் தீர்ப்பு ஆகியவற்றைக் காக்க வேண்டும். நூலகங்களுக்குப் படி அனுப்ப வேண்டும். நம் வெள்ளி விழா மலரையே ஒருவர் நாளை எடுத்துக்காட்டக்கூடும். நம்மைப் பற்றி நாமே எழுதியது முழுச் சான்றாகாது என்று மறுப்பும் எழும், அம்மறுப்பு முறையானதே. அதனால்தான் இதழாளரும் கல்லூரி ஆய்வாளரும் நாடி வந்து சரிபார்க்கத்தக்க வகையில் நம் பதிவு அமைய வேண்டும். புகழ்ச்சியை அடுக்கிய மலர் அலமாரியில் உறங்கும். நாளும் பெயரும் கணக்கும் உள்ள மலர் சான்றாகும்.

நான்காவது, சொல்லடக்கம். பேச்சுப் பக்கத்தில் வசைமொழி எழுதியவன் வழக்கில் பாதியை அப்போதே இழக்கிறான். எழுதியவர் யார் என்று ஆராயாமல், எழுதியது மெய்யா என்று மட்டும் ஆராயுங்கள். அங்கே முடிவு தலைகளை எண்ணிச் செய்யப்படுவதில்லை. காரணங்களை எடைபோட்டுக் கருத்தொருமிப்பால் செய்யப்படுகிறது. எண்ணிக்கையில் சிறியவராகிய நமக்கு இது பெரும் வாய்ப்பு. ஊர்க்கூட்டத்தில் நூறு கைகளுக்கு எதிரே நம் ஒரு கை எடுபடாது. பேச்சுப் பக்கத்தில் ஒரு நல்ல சான்று நூறு கூச்சலை நிறுத்தும்.

ஐந்தாவது, பிறர் வரலாற்றை நாம் பறித்துக்கொள்ளாதிருத்தல். மலை மக்களின் வரலாற்றை அடிவாரத்தில் இருக்கும் நாம் எழுதி முடித்துவிடுவது, ஆங்கிலேயர் நமக்குச் செய்ததை நாம் அவர்களுக்குச் செய்வதாகும். மலைப் பிள்ளைகள் எழுதட்டும். நாம் நூலும் கணினியும் பயிற்சியும் தந்து துணைநிற்போம். அவ்வாறே, நம் வரலாற்றில் நம் பெண்களின் பங்கைப் பெண்களே எழுத முன்வர வேண்டும்.

எழுதுவோர்க்கு இடையூறும் வரலாம். 2024ஆம் ஆண்டு ஏ.என்.ஐ. செய்தி நிறுவனம் தன்னைப் பற்றிய கட்டுரைக்காக விக்கிமீடியா அறக்கட்டளைமீது தில்லி உயர்நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தபோது, அக்கட்டுரையைத் தொகுத்த மூவரின் விவரங்களைத் தருமாறு உத்தரவு பிறந்தது. அவ்வழக்கைப் பற்றிய பக்கத்தையும் நீக்குமாறு பிறந்த ஆணையை 2025 மே 9 அன்று உச்ச நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. ஆகவே அஞ்ச வேண்டா. ஆனால் சான்றில்லாமல் எவரைப் பற்றியும் ஒரு வரியும் எழுத வேண்டா.

இறுதியாக ஒன்று. நம் நாட்டின் அரசமைப்புச் சட்டமே வாதத்தில் பிறந்தது. அண்ணல் அம்பேத்கர் தலைமையேற்ற வரைவுக் குழுவின் வரைவின்மீது அரசியல் நிர்ணய சபையில் 7,635 திருத்தங்கள் தரப்பட்டன. அவற்றுள் 2,473 அவையில் முன்மொழியப்பட்டன. ஒவ்வொன்றையும் கேட்டு, ஏற்கத்தக்கதை ஏற்று, மறுக்கத்தக்கதைக் காரணம் காட்டி மறுத்தார் அண்ணல். அன்று பேசப்பட்டவை அச்சில் உள்ளன. எவர் என்ன சொன்னார் என்பதை இன்றும் பார்க்கலாம். பள்ளியில் கோணிச் சாக்கின்மேல் தனியே உட்கார வைக்கப்பட்ட பிள்ளை, நாட்டின் மிகப் பெரிய ஏட்டை அவையின் நடுவில் நின்று ஒவ்வொரு சொல்லாகக் காத்தார். அவர் வழியினர் என்று மார்தட்டும் நாம், ஒரு பேச்சுப் பக்கத்தைக் கண்டு பின்வாங்கலாமா?

கழகத்தின் முதல் இருபத்தைந்து ஆண்டுகள் நம்மைப் படிக்க வைத்தன. அடுத்த இருபத்தைந்து ஆண்டுகள் நம்மை எழுத வைக்கட்டும். பொன் விழா காணும்போது, கள்ளக்குறிச்சியைப் பற்றியும் கல்வராயன் மலையைப் பற்றியும் உலகம் எந்தப் பக்கத்தைத் திறந்தாலும், அதன் வரலாற்றுப் பட்டியலில் நம் பிள்ளைகளின் திருத்தங்கள் இருக்க வேண்டும் என்று விழைகிறோம். அதற்கான முதல் வேலை இன்று மாலையே தொடங்கலாம். உங்கள் தெருவில் மூத்தவர் எவரோ, அவர் அருகில் ஒரு குறிப்பேட்டோடு அமருங்கள். அவர் சொல்லும் ஆண்டையும் ஊரையும் பெயரையும் பிழையின்றி எழுதுங்கள்.